கோர்ட்டு ஜப்தி: கடன் கொடுத்தவரும் கடன் வாங்கியவரும் தெரிந்துகொள்ள வேண்டியவை

(பிள்ளையார்குப்பம் மொத்த வியாபாரி ஒருவர் எழுதுவது)



நம் மளிகை வியாபாரத்தில் கடன் இல்லாமல் கடை நடத்துகிறவர் கிடையாது. மண்டிக்காரர் நமக்குப் பதினைந்து நாள் தவணையில் சரக்கு அனுப்புகிறார். நாம் சில்லறைக் கடைக்காரருக்கு ஒரு மாதத் தவணையில் மூட்டை இறக்குகிறோம். அவர் சம்பளக்காரர் வீட்டுக்கு முதல் தேதி வரையிலும், விவசாயி வீட்டுக்கு அறுவடை வரையிலும் நோட்டில் எழுதிக் கொடுக்கிறார். இந்தச் சங்கிலியில் எங்காவது ஒரு கண்ணி அறுந்துவிட்டால் உடனே நம் வாயில் வருகிற வார்த்தை, "ஜப்தி பண்ணிவிடுகிறேன் பார்" என்பதுதான். மறுபக்கம், கடன்பட்டவர் வீட்டில், "தட்டுமுட்டுச் சாமான் முதல் தாலி வரைக்கும் எடுத்துக்கொண்டு போய்விடுவார்களாம்" என்று பெண்கள் அழுகிறார்கள்.

இரண்டு பேச்சுமே சட்டத்துக்குப் பொருந்தாது. ஜப்தி என்றால் என்ன, அது எப்போது கிடைக்கும், கிடைத்தால் என்ன பலன், நம் மேல் வந்தால் என்ன செய்வது என்பதை நாற்பது வருஷ வியாபாரத்தில் பார்த்ததையும் வக்கீல்களிடம் கேட்டுத் தெளிந்ததையும் வைத்து இங்கே எழுதுகிறேன். நம் உறுப்பினர்களில் கடன் கொடுத்தவரும் உண்டு, கடன்பட்டவரும் உண்டு. ஆகவே இரண்டு பக்கத்துக்கும் சேர்த்தே சொல்கிறேன்.

ஜப்தி என்பது என்ன?

இதற்கான சட்டம் 1908-ஆம் வருஷத்து சிவில் நடைமுறைச் சட்டம். பிரெஞ்சுக்காரர் காலத்தில் புதுச்சேரியில் அவர்களுடைய சட்டமே நடந்தது. 1954-ல் நிர்வாகமும் 1962-ல் சட்டப்படியான ஆட்சியுரிமையும் இந்தியாவுக்கு வந்த பிறகு, 1968-ல் பாராளுமன்றம் செய்த சட்டத்தின் மூலம் இந்த சிவில் நடைமுறைச் சட்டம் நம் பகுதிக்கும் நீட்டிக்கப்பட்டது. எனவே இந்த விஷயத்தில் வில்லியனூருக்கும் பாகூருக்கும் உள்ள சட்டம்தான் கடலூருக்கும் சென்னைக்கும்.

ஜப்தி என்பது, கடன்பட்டவர் தம் சொத்தை வேறொருவருக்குக் கைமாற்றிவிடாதபடி கோர்ட்டு போடுகிற ஒரு பூட்டு. அவ்வளவுதான். ஜப்தி ஆன சொத்து கடன் கொடுத்தவருக்குச் சொந்தமாகிவிடாது. அடமானம் வாங்கியவருக்குக் கிடைக்கிற பிடிமானமும் ஜப்தி செய்தவருக்குக் கிடைக்காது. அந்தச் சொத்து ஏலம் போய், ஏலப் பணம் கோர்ட்டுக்கு வந்து, அதில் நம் பங்கு நமக்குப் பட்டுவாடா ஆகும்போதுதான் வசூல். ஜப்தி உத்தரவைப் பார்த்ததுமே பணம் வந்துவிட்டதாக நினைத்து மண்டிக்காரருக்குத் தவணை சொல்லக் கூடாது என்பது இதனால்தான்.

ஜப்தி இரண்டு வகை. ஒன்று, வழக்கு நடந்து தீர்ப்பாகி டிகிரி கிடைத்த பிறகு, நிறைவேற்று மனு போட்டுச் செய்வது. மற்றொன்று, வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே, தீர்ப்புக்கு முன்னால் செய்வது. நம்மவர்கள் ஆசைப்படுவதும் ஏமாறுவதும் இந்த இரண்டாவது வகையில்தான்.

தீர்ப்புக்கு முன் ஜப்தி

சிவில் நடைமுறைச் சட்டத்தின் 38-ஆம் கட்டளை, 5-ஆம் விதி இதைச் சொல்கிறது. பிரதிவாதி, பிற்பாடு வரப்போகிற டிகிரியைத் தடுக்கவோ தாமதப்படுத்தவோ வேண்டும் என்ற எண்ணத்தோடு, தம் சொத்தை விற்கப் போகிறார் அல்லது அந்தக் கோர்ட்டு எல்லையை விட்டு அகற்றப் போகிறார் என்று கோர்ட்டுக்குத் திருப்தி ஏற்பட வேண்டும். அப்போதுகூடக் கோர்ட்டு எடுத்த எடுப்பில் ஜப்தி செய்துவிடாது. "இத்தனை நாளுக்குள் ஜாமீன் கொடு, அல்லது ஏன் கொடுக்க வேண்டியதில்லை என்று காரணம் சொல்" என்று முதலில் பிரதிவாதிக்கு உத்தரவிடும். அவசரமானால் அதே உத்தரவில் நிபந்தனையோடு கூடிய ஜப்தியும் போடலாம். இந்த முறையை விட்டுவிட்டுச் செய்த ஜப்தி செல்லாது என்று 1976-ஆம் வருஷத் திருத்தம் தெளிவாகச் சொல்லிவிட்டது. பிரதிவாதி ஜாமீன் கொடுத்தால் ஜப்தி நீங்கிவிடும். வழக்கு தள்ளுபடியானாலும் நீங்கிவிடும்.

இங்கே கவனிக்க வேண்டியது "எண்ணத்தோடு" என்ற சொல். பாக்கி வைத்திருக்கிறார் என்பது போதாது. கேட்டால் பதில் சொல்லவில்லை என்பதும் போதாது. சொத்தை விற்கிறார் என்பது மட்டும்கூடப் போதாது, ஏனென்றால் தம் சொத்தை விற்க எவருக்கும் உரிமை உண்டு. நம் பணத்தை ஏமாற்றவே விற்கிறார் என்று காட்ட வேண்டும். 1951-லேயே கல்கத்தா உயர் நீதிமன்றம், பொத்தாம் பொதுவாகச் சொல்லும் குற்றச்சாட்டை ஏற்கக் கூடாது, யார் சொல்லித் தெரிந்தது என்ற விவரம் வேண்டும் என்று விளக்கியிருக்கிறது.

இதைவிட முக்கியமான தீர்ப்பு, ராமன் டெக் நிறுவனத்துக்கும் சோலங்கி டிரேடர்ஸ் நிறுவனத்துக்கும் இடையே நடந்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 2007 நவம்பரில் சொன்னது. நம்மைப் போலச் சரக்கு கொடுத்து பாக்கி நின்ற வியாபாரிதான் அதில் வாதி. தீர்ப்புக்கு முன் ஜப்தி என்பது கடுமையான, அசாதாரணமான அதிகாரம். கேட்டவுடன் இயந்திரம் போலக் கொடுக்கக் கூடாது. ஈடில்லாத கடனை ஈடுள்ள கடனாக மாற்றிக்கொள்வதற்கு வாதி இதைப் பயன்படுத்தக் கூடாது. வழக்கில் முதல் பார்வையிலேயே நியாயம் இருக்கிறது என்றும் பிரதிவாதி சொத்தைக் கைமாற்ற முயல்கிறார் என்றும் இரண்டையும் காட்ட வேண்டும் என்று நீதிபதிகள் கூறினார்கள். பயமுறுத்திப் பேரம் பேசுவதற்காகவே ஜப்தி மனு போடுகிற பழக்கத்தையும் அந்தத் தீர்ப்பு கண்டித்திருக்கிறது.

அப்படியானால் நம் மனுவில் என்ன இருக்க வேண்டும்? எந்தச் சொத்து, அதன் உத்தேச மதிப்பு என்ன என்று எழுத வேண்டும். எந்தத் தேதியில் எந்தத் தரகர் விலை பேசினார், எந்த லாரியில் எத்தனை மூட்டை எங்கே போயிற்று, கடையை யாருக்குக் கைமாற்றப் பேசுகிறார்கள் என்று விவரம் வேண்டும். தரகரோ லாரிக்காரரோ ஒரு பிரமாண வாக்குமூலம் கொடுத்தால் மனுவுக்கு வலு. "பிரதிவாதி சொத்தை விற்க முயல்வதாக நம்பத்தகுந்த வட்டாரத்தில் தெரியவருகிறது" என்று எழுதிய மனுக்கள் கோர்ட்டில் நிற்பதில்லை.

பொய்யாகவோ போதிய காரணம் இல்லாமலோ ஜப்தி வாங்கினால் அதற்கும் தண்டம் உண்டு. 95-ஆம் பிரிவின்படி பிரதிவாதிக்கு 50,000 ரூபாய் வரை நஷ்டஈடு கொடுக்கும்படி கோர்ட்டு உத்தரவிடலாம். முன்பு இது 1,000 ரூபாயாக இருந்தது. 2002-ல் அமலுக்கு வந்த திருத்தத்தில் உயர்த்தப்பட்டது.

இன்னொரு விஷயம். விவசாயியின் கைவசம் உள்ள விளைபொருளைத் தீர்ப்புக்கு முன் ஜப்தி செய்ய முடியாது. 38-ஆம் கட்டளை 12-ஆம் விதி இதைத் தடுக்கிறது. பாகூர்ப் பக்கத்தில் நெல் அறுவடையை நம்பிக் கடன் கொடுக்கிற கடைக்காரர்கள் இதை நினைவில் வைக்க வேண்டும்.

எல்லை தாண்டிய சரக்கு

நம் பகுதிக்கே உரிய ஒரு தொல்லை இருக்கிறது. புதுச்சேரியும் தமிழ்நாடும் இங்கே ஊருக்கு ஊர் பின்னிக் கிடக்கின்றன. பாகூர் கொம்யூனில் இருந்து கடலூர் மாவட்டத்துக்குப் போவது சில கிலோமீட்டர் தூரம். ஒரு இரவில் இரண்டு மினி லாரி போதும், கடை முழுவதும் அந்தப் பக்கம் போய்விடும். அதே உறவுக்காரர் பெயரில் அங்கே வேறு பலகை மாட்டிக் கடை திறப்பார்கள். இப்படி நடந்ததை இந்தப் பகுதி வியாபாரிகள் பலர் பார்த்திருக்கிறோம்.

சட்டம் இதற்கு வழி வைத்திருக்கிறது. வழக்கு நடக்கும்போது சொத்து வேறு மாவட்டத்தில் இருந்தால், 136-ஆம் பிரிவின்படி நம் கோர்ட்டு தன் உத்தரவை அந்த மாவட்டக் கோர்ட்டுக்கு அனுப்பி ஜப்தி செய்யச் சொல்லலாம். டிகிரி கிடைத்த பிறகானால் டிகிரியையே அந்த ஊர்க் கோர்ட்டுக்கு மாற்றி அங்கே நிறைவேற்று மனு போட வேண்டும். தன் எல்லைக்கு வெளியே உள்ள ஆள் மேலும் சொத்து மேலும் ஒரு கோர்ட்டு நேராக நிறைவேற்றம் செய்ய முடியாது என்று 2002-ஆம் வருஷத் திருத்தம் சொல்கிறது. மாற்றுவதற்குள் சொத்து கைமாறிவிடும் என்ற பயம் இருந்தால் 46-ஆம் பிரிவின்படி, "இந்தச் சொத்தை ஜப்தி செய்து வை" என்று அந்தக் கோர்ட்டுக்குக் கட்டளை அனுப்பக் கேட்கலாம். அந்த ஜப்தி இரண்டு மாதத்துக்கு மேல் நிற்காது. அதற்குள் டிகிரியை மாற்றிவிட வேண்டும், அல்லது காலநீட்டிப்பு வாங்க வேண்டும். புதுச்சேரிக் கோர்ட்டு, கடலூர்க் கோர்ட்டு இரண்டும் சென்னை உயர் நீதிமன்றத்தின் கீழ் இருப்பது நமக்கு ஒரு சௌகரியம்.

எல்லை தாண்டிக் கடன் கொடுக்கும்போதே, பாக்கிக்காரருக்கு எந்தப் பக்கத்தில் என்ன சொத்து இருக்கிறது என்று குறித்து வைத்துக்கொள்வது நல்லது.

எதைத் தொடக் கூடாது?

கடன்பட்ட நண்பர்கள் இந்தப் பகுதியை நன்றாகப் படிக்க வேண்டும். 60-ஆம் பிரிவு, ஜப்தி செய்யக் கூடாத சொத்துக்களை வரிசையாகச் சொல்கிறது. கடன்பட்டவர், அவர் மனைவி, பிள்ளைகள் ஆகியோரின் தேவையான துணிமணி, சமையல் பாத்திரம், படுக்கை ஆகியவற்றைத் தொடக் கூடாது. மத வழக்கப்படி ஒரு பெண் கழற்றக் கூடாத நகையைத் தொடக் கூடாது. நம் வழக்கில் தாலி அப்படிப்பட்டது. கைவினைஞரின் கருவிகள், விவசாயியின் உழவுக் கருவிகள், மாடு, விதை நெல், விவசாயி குடியிருக்கும் வீடு, கூலியாளின் கூலி, அரசாங்கப் பென்ஷன், பிராவிடண்டு பண்டு, ஆயுள் இன்சூரன்ஸ் பணம் ஆகியவையும் அப்படியே. கணக்குப் புத்தகங்களையும் ஜப்தி செய்யக் கூடாது.

கைவினைஞரின் கருவி என்பது தச்சர், கொல்லர், தையற்காரர் போன்றவர்களுக்குச் சொன்னது. மளிகைக் கடையில் விற்பனைக்கு வைத்திருக்கிற சரக்கு அதில் சேராது.

சம்பளத்தில் முதல் 1,000 ரூபாயும் மீதியில் மூன்றில் இரண்டு பங்கும் ஜப்தியிலிருந்து தப்பும். மாதம் 16,000 ரூபாய் என்றால் 1,000 போக 15,000. அதில் 5,000 ரூபாய்தான் பிடிக்க முடியும். அதுவும் ஒரே டிகிரிக்காக மொத்தம் 24 மாதம் பிடித்துவிட்டால், அதற்கு மேல் அந்த டிகிரிக்குச் சம்பளத்தைத் தொட முடியாது.

கூட்டு வியாபாரத்தில் ஒரு பங்காளியின் சொந்தக் கடனுக்காகக் கடைச் சரக்கையே ஜப்தி செய்ய முடியாது. அவருடைய பங்கு மேல் கோர்ட்டு உத்தரவு வாங்கலாம். அண்ணன் தம்பி சேர்ந்து நடத்துகிற கடைகளில் இது அடிக்கடி எழும் சண்டை. பங்குப் பத்திரம் இருந்தால் சொல்லிக் காட்டலாம். வாய்ப் பேச்சு மட்டும் இருந்தால் கஷ்டம்.

ஜப்தி நடக்கும் முறை

சரக்கு, வண்டி, பீரோ போன்ற அசையும் சொத்தை அமீன் நேரில் வந்து கைப்பற்றுவார். சீக்கிரம் கெட்டுப்போகும் சரக்கையும், காவல் செலவு விலையை மிஞ்சிவிடும் சரக்கையும் உடனே விற்றுவிட விதி இடம் தருகிறது. மற்றதெல்லாம் ஏலம் வரை காத்திருக்கும். நம் சரக்கு காத்திருக்குமா? துவரம் பருப்பில் வண்டு விழும், வெல்லம் இளகும், புளி கறுத்துப் போகும். நான் பார்த்த ஒரு ஏலத்தில் 11 மூட்டைப் பருப்பு, கொள்முதல் விலையில் பாதிகூடப் போகவில்லை. மளிகைச் சரக்கை ஜப்தி செய்கிறவர் அன்றே வக்கீலிடம் சொல்லி, விரைவாக விற்க மனுப் போட வேண்டும்.

வீடு, மனை, நிலம் என்றால் கோர்ட்டு தடையுத்தரவு போடும். உரிமையாளர் விற்கக் கூடாது, அடமானம் வைக்கக் கூடாது, மற்றவர் அவரிடமிருந்து வாங்கவும் கூடாது. இதைத் தண்டோரா போட்டு அறிவித்து, சொத்திலும் கோர்ட்டிலும், கிராமத்து நிலமானால் பஞ்சாயத்து அலுவலகத்திலும் ஒட்ட வேண்டும் என்பது 21-ஆம் கட்டளை 54-ஆம் விதி. அதன் பிறகு செய்கிற விற்பனை, ஜப்தி செய்தவரின் உரிமைக்கு எதிராகச் செல்லாது என்கிறது 64-ஆம் பிரிவு. உத்தரவு நகலை சார்பதிவாளர் அலுவலகத்துக்கும் அனுப்பக் கேட்டுக்கொள்ளுங்கள். மனை வாங்குகிறவர்களும் வில்லங்கச் சான்றை மட்டும் பார்த்துத் திருப்தியடையாமல், ஊரிலும் கோர்ட்டிலும் விசாரிக்க வேண்டும்.

ஜப்திக்கு முன்பே நடந்த விற்பனை என்ன ஆகும்? தமிழ்நாட்டிலிருந்து உச்ச நீதிமன்றம் வரை போன ஒரு வழக்கு இதற்கு விடை. 1970 செப்டம்பரில் ஒருவர் தம் சொத்துக்குக் கிரயப் பத்திரம் எழுதிக் கொடுத்தார். சில நாள் கழித்து, அவரிடம் பணம் வரவேண்டிய ஒருவர் வழக்குப் போட்டு அதே மாதத்தில் தீர்ப்புக்கு முன் ஜப்தி வாங்கிவிட்டார். கிரயப் பத்திரம் பதிவானது அதற்குப் பிறகுதான். 1990-ல் உச்ச நீதிமன்றம், பத்திரம் பதிவானால் எழுதிய தேதியிலிருந்தே அது செல்லும், ஆகவே ஜப்தி அந்தக் கிரயத்தைத் தடுக்காது என்று தீர்ப்பளித்தது. ஜப்தி மனுவில் ஒரு வாரம் தாமதித்தால் என்ன ஆகும் என்பதற்கு இது பாடம். கடன்காரர்களை ஏமாற்றவே எழுதிய பொய்க் கிரயம் என்றால் அதைத் தள்ளுபடி செய்யச் சட்டம் இருக்கிறது. ஆனால் அதை நாம்தான் நிரூபிக்க வேண்டும்.

மூன்றாவது, பாக்கி ஜப்தி. நமக்குப் பாக்கி வைத்தவருக்கு வேறு யாரோ பணம் தர வேண்டியிருந்தால் அந்தப் பணத்தையும், பாங்குக் கணக்கில் உள்ள பணத்தையும் ஜப்தி செய்யலாம். என் அனுபவத்தில் மளிகை வியாபாரத்தில் பலன் தருவது இதுதான். கடைக்காரருக்கு ஓட்டல்காரரோ விடுதிக்காரரோ தர வேண்டிய பில் பாக்கி எவ்வளவு என்று தெரிந்து வைத்திருப்பவர், பருப்பு மூட்டைக்குப் பின்னால் ஓட வேண்டியதில்லை.

இதே தடையுத்தரவு நம் கடைக்கும் வரலாம். "நீ இன்னாருக்குத் தர வேண்டிய பணத்தை அவருக்குக் கொடுக்காதே" என்று கோர்ட்டிலிருந்து நோட்டீசு வந்தால், பழைய பழக்கத்துக்காக அவருக்கே கொடுத்துவிடாதீர்கள். பணத்தைக் கோர்ட்டில் கட்டினால் நம் கடன் தீர்ந்ததாகவே சட்டம் ஏற்கும். அவரிடமே கொடுத்தால் இரண்டாம் முறை கட்ட நேரலாம். பாக்கி இல்லை என்றால் அதை எழுத்தில் கோர்ட்டுக்குச் சொல்ல வேண்டும். நோட்டீசைக் கல்லாவுக்குள் போட்டு மூடிவிட்டால் நம் மேலேயே நிறைவேற்று நடவடிக்கை வரும்.

முதலில் ஓடியவருக்கே முழுப் பணமா?

ஒரு கடை நொடிக்கிறது என்று தெரிந்தால் கடன் கொடுத்த எல்லோரும் கோர்ட்டுக்கு ஓடுகிறார்கள். முதலில் ஜப்தி செய்தவருக்கே முதல் உரிமை என்று பலர் நினைக்கிறார்கள். 73-ஆம் பிரிவு அப்படிச் சொல்லவில்லை. ஏலப் பணம் கோர்ட்டுக்கு வருவதற்கு முன் அதே ஆள் மேல் பண டிகிரி வைத்து நிறைவேற்று மனு போட்ட எல்லோருக்கும், நிறைவேற்றச் செலவு போக, விகிதப்படி பங்கு உண்டு.

உதாரணம் பார்ப்போம். ஒரு கடைக்காரர் மேல் மூன்று டிகிரி: ஒரு லட்சம், 60,000, 40,000. மொத்தம் இரண்டு லட்சம். ஏலத்தில் செலவு போக வந்தது 60,000. ரூபாய்க்கு 30 பைசா வீதம் முறையே 30,000, 18,000, 12,000 கிடைக்கும். ஜப்திக்கு அலைந்தவர் முதலாமவராக இருந்தாலும் கணக்கு இதுதான். தீர்ப்புக்கு முன் ஜப்தி வாங்கிவிட்டு இன்னும் டிகிரி ஆகாமல் இருப்பவருக்கு இந்தப் பங்கீட்டில் இடமே இல்லை. ஆகவே ஜப்தி வாங்கியதும் வழக்கைத் தூங்கவிடக் கூடாது.

ஜப்திக்கு முன்பே சொத்தை அடமானம் வாங்கிய பாங்கு இருந்தால், அதன் கடன் போக மிஞ்சியதுதான் நமக்கு. கடைச் சரக்கின் பேரில் பாங்குக் கடன் வாங்கியிருக்கிறாரா என்பதையும் விசாரிக்க வேண்டும். மூன்று வியாபாரிகள் தனித்தனியே செலவழித்து, கடைசியில் பாங்கு எல்லாவற்றையும் எடுத்துப்போனதும் உண்டு.

அமீன் வாசலுக்கு வந்தால்

கடன்பட்டவர் செய்ய வேண்டியவை இவை.

முதலில் கோர்ட்டு உத்தரவைக் கேட்டுப் படியுங்கள். எந்த வழக்கு, எவ்வளவு தொகை, யார் பெயர் என்று பாருங்கள். அமீனைத் தடுப்பதும் சண்டை போடுவதும் வேறு வழக்கைக் கொண்டுவரும். குடியிருக்கும் வீட்டுக்குள், அசையும் பொருளைக் கைப்பற்றச் சூரியன் மறைந்த பிறகும் உதிக்கும் முன்பும் நுழையக் கூடாது என்று 62-ஆம் பிரிவு இருக்கிறது. தொடக் கூடாத பொருளை எழுதினால் அங்கேயே எடுத்துச் சொல்லி, கோர்ட்டிலும் மனுப் போடுங்கள்.

எழுதுகிற பொருள் வேறொருவருடையதாக இருந்தால், உதாரணமாக உங்கள் குடோனில் மற்றொரு வியாபாரி இறக்கி வைத்த மூட்டை என்றால், அந்த உரிமையாளர் 21-ஆம் கட்டளை 58-ஆம் விதிப்படி ஆட்சேப மனு போட வேண்டும். ஏலம் முடிந்த பிறகு வந்தாலும், வேண்டுமென்றே தாமதித்து வந்தாலும் கோர்ட்டு ஏற்காது. பில்லும் இறக்குச் சீட்டும் இருந்தால்தான் மனு நிற்கும்.

டிகிரி ஆன பிறகு பணம் கட்டுகிறவர்கள் இதை மறக்கவே கூடாது: கோர்ட்டுக்கு வெளியே கொடுத்த பணத்தை 30 நாளுக்குள் கோர்ட்டில் பதிவு செய்யக் கேட்க வேண்டும். பதிவாகாத பணத்தை நிறைவேற்றும் கோர்ட்டு கணக்கில் எடுத்துக்கொள்ளாது. நம்பிக்கையின் பேரில் கையில் கொடுத்துவிட்டு, முழுத் தொகைக்கும் மறுபடி ஜப்தி வந்து நின்ற குடும்பங்கள் உண்டு. கோர்ட்டில் கட்டுவதும், பாங்கு மூலம் கட்டி ரசீது வைத்துக்கொள்வதும் பாதுகாப்பு.

கடனுக்குத் தேவையான அளவு சொத்தைத்தான் ஏலம் விட வேண்டும். ஆந்திராவில் 2,400 ரூபாய் கூட இல்லாத ஒரு டிகிரிக்காக 10 ஏக்கர் நிலத்தை 17,000 ரூபாய்க்கு ஏலம் விட்டார்கள். ஒரு பகுதியை விற்றாலே போதுமா என்று பார்ப்பது கோர்ட்டின் கடமை என்று சொல்லி, உச்ச நீதிமன்றம் 1989-ல் அந்த ஏலத்தை ரத்து செய்தது. நிலம் ஏலம் போன பிறகும், 60 நாளுக்குள் ஏல அறிவிப்பில் கண்ட பாக்கியையும், ஏலம் எடுத்தவருக்காக ஏலத்தொகையில் நூற்றுக்கு 5 வீதத்தையும் கட்டினால் சொத்தை மீட்கலாம்.

எல்லாவற்றுக்கும் முன்னால், சம்மன் வந்ததுமே கோர்ட்டுக்குப் போங்கள். தவணை கேளுங்கள். தீர்ப்புச் சொல்லும்போதே தவணை கொடுக்கக் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு; அதன் பிறகு டிகிரிதாரர் சம்மதித்தால்தான் முடியும். ஒளிந்துகொள்கிறவர் மேல் ஒருதலைப்பட்சமாக டிகிரி ஆகிவிடும்.

கடன் கொடுக்கும் நாளிலேயே

இந்தியாவில் வழக்காடுகிறவரின் கஷ்டம் டிகிரி வாங்கிய பிறகுதான் தொடங்குகிறது என்ற பொருள்பட, லண்டன் பிரிவி கவுன்சில் 1872-லேயே சொல்லியிருக்கிறது. அது இன்னும் மாறவில்லை. நிறைவேற்று மனுக்களை 6 மாதத்தில் முடிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2021-ல் சொன்னது. தமிழ்நாட்டு நில வழக்கு ஒன்றில் 2025 மார்ச்சில் அதையே மறுபடி வற்புறுத்தி எல்லா உயர் நீதிமன்றங்களிடமும் கணக்குக் கேட்டது. அந்த அக்டோபரில் வந்த கணக்கின்படி நாடு முழுவதும் நிலுவையில் இருந்தவை 8 லட்சத்து 82 ஆயிரத்துக்கும் மேல். இந்த வரிசையில்தான் நம் மனுவும் நிற்க வேண்டும்.

ஆகவே வசூலின் பலம் கோர்ட்டில் தொடங்குவதில்லை. சரக்கு இறக்குகிற நாளில் தொடங்குகிறது. பில்லிலும் இறக்குச் சீட்டிலும் வாங்குகிறவர் கையெழுத்து வாங்குங்கள். பேரேட்டில் நாம் எழுதிய பற்று மட்டும் ஒருவரைக் கடனாளியாக்காது. 2024 ஜூலை முதல் அமலில் உள்ள புதிய சாட்சியச் சட்டத்திலும் 28-ஆம் பிரிவு இதையே சொல்கிறது. வருஷத்துக்கு ஒருமுறை பாக்கியை ஒப்புக்கொண்டு எழுதிக் கையெழுத்து வாங்குங்கள். வழக்குப் போட 3 வருஷம்தான் கெடு. கெடு முடிவதற்குள் வாங்கிய கையெழுத்திலிருந்து புதிய கெடு தொடங்கும். டிகிரியை நிறைவேற்ற 12 வருஷம் உண்டு. கூட்டாக நடத்தும் கடையானால் நிறுவனத்தைப் பதிவு செய்துகொள்ளுங்கள். பதிவில்லாத நிறுவனம் பாக்கிக்கு வழக்குப் போட முடியாது. பெரிய தொகை நின்றால், நல்லபடியாக இருக்கும்போதே மனைக்கு அடமானமோ வசதியுள்ள ஒருவரின் ஜாமீனோ கேளுங்கள். உச்ச நீதிமன்றம் சொன்னபடி, ஈடில்லாத கடனுக்கு ஜப்தி மனு மூலம் பின்னால் ஈடு தேடிக்கொள்ள முடியாது.

வழக்குக்குப் போகுமுன் சங்கத்தில் வைத்துப் பேசுவதும், லோக் அதாலத்துக்குப் போவதும் நல்லது. அங்கே ஏற்படுகிற சமரசம் டிகிரிக்குச் சமம், அப்பீல் கிடையாது, கட்டிய கோர்ட்டுக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். கடையைப் பூட்டி ஏலம் விட்டால் ரூபாய்க்கு 30 பைசா வரலாம். கடை திறந்திருந்து, வாரம் ஆயிரம் இரண்டாயிரமாக வந்தால் முழுப் பாக்கியும் தீரலாம், வாடிக்கையும் நிற்கும். சரக்கை எல்லை கடத்துகிற ஆளுக்கு ஜப்தி மனுவைத் தாமதிக்காமல் போடுங்கள். வியாபாரம் படுத்ததால் தவிக்கிற ஆளுக்குத் தவணை கொடுங்கள். இருவரில் இவர் யார் என்று தெரிந்துகொள்ள வக்கீல் தேவையில்லை. இத்தனை வருஷம் அவரோடு வியாபாரம் செய்த நமக்கே தெரியும்.

இங்கே சொன்னவை பொதுவான விளக்கங்கள். உங்கள் வழக்குக்கு உரிய காகிதங்களோடு நல்ல வக்கீல் ஒருவரைப் பார்த்த பிறகே முடிவு செய்யுங்கள்.